30 லட்சம் கடன், கட்டுவது 62 லட்சம்

கேள்வி: குன்றத்தூரில் ஃபிளாட் வாங்க 30 லட்சம் கடன் எடுக்கும் ஒரகடம் தொழிற்சாலை ஊழியர், கடைசியில் எவ்வளவு கட்டுவார்?

பதில்: இரண்டு ஃபிளாட்டுக்கான பணம்! 8.5 சதவீத வட்டி, 20 ஆண்டு என்றால் மாதத் தவணை சுமார் 26,035 ரூபாய், மொத்தம் 62.5 லட்சம். முதல் தவணையில் 21,250 ரூபாய் வட்டிக்கே போய்விடும். அசலில் கழிவது 4,785தான்.

2022 மே முதல் 2023 பிப்ரவரிக்குள், ரிசர்வ் வங்கி வங்கிகளுக்குக் கடன் தரும் ரெப்போ வட்டி 4-லிருந்து 6.5 சதவீதமானது. அதனால் வீட்டுக் கடன் வட்டியும் ஏற, தவணை அப்படியே இருக்க, பலருக்குக் கடன் கட்டும் ஆண்டுகள் சத்தமில்லாமல் நீண்டன. தவணையைக் கூட்டுவதா, காலத்தை நீட்டுவதா என்று கடன் வாங்கியவரிடமே கேட்க வேண்டும் என 2023 ஆகஸ்டில் ரிசர்வ் வங்கி உத்தரவிட்டது.

மேலே சொன்ன 30 லட்சம் கடனுக்கே மாதம் 30,000 கட்டினால் பதினான்கரை ஆண்டில் கடன் முடியும். 10 லட்சம் மிச்சம். மாறும் வட்டி வீட்டுக் கடனை முன்கூட்டி அடைத்தால் வங்கி அபராதம் கேட்க முடியாது. போனஸை அசலில் கட்டும்போது, ‘காலத்தைக் குறையுங்கள்’ என்று எழுதிக் கொடுக்க வேண்டும்.