ஆறாகப் போனது ஏழாக வந்த கதை

வெள்ளைக்காரத் துரை கித்தா மரத்தைப் பிரேசிலிலிருந்து கொண்டுவந்தான். அதை வெட்ட ஆட்களைத் தமிழ்நாட்டிலிருந்து கொண்டுவந்தான். பொழுதுபோகக் கிரிக்கெட்டைத் தன் ஊரிலிருந்து கொண்டுவந்தான். முதல் இரண்டையும் பேராக் மண்ணில் நட்டுவிட்டு, மூன்றாவதை மட்டும் கிளப் வேலிக்குள்ளேயே வைத்துக்கொண்டான்.

செமோர் தோட்டத்துப் பையன்களுக்கு அதில் வருத்தமில்லை. லயத்துக்கு முன்னால் காற்பந்து இருந்தது. நாள் கணக்கில் ஆடி, நடுநடுவே தேநீர் குடித்து, கடைசியில் யாருக்கும் வெற்றியில்லை என்று கைகுலுக்கிப் பிரிகிறவர்களைப் பார்த்தால் நம்மவர்களுக்குக் கொஞ்சம் கவலைதான். பக்கத்திலேயே தஞ்சோங் ரம்புத்தான். அங்கே 1911 முதல் மனநல மருத்துவமனை வேறு.

இப்படிப்பட்ட நாட்டிலிருந்து ஒரு தமிழர் இங்கிலாந்துக்கே போய், துரைமார் ஆட்டத்தைச் சம்பளத்துக்கு ஆடினார். 1983இல் கோலாலம்பூரில் பிறந்த அருள் சுப்பையா. மில்ஃபீல்ட் பள்ளியில் படித்து, எக்ஸெட்டர் பல்கலைக்கழகத்தில் கணக்கியலும் முடித்தார். நம் குடும்பங்களில் பிள்ளை என்ன ஆட்டம் ஆடினாலும் சரி, கையில் ஒரு சர்ட்டிபிகேட் இருந்தாக வேண்டும்.

2002இல் சாமர்செட் அணிக்கு ஆடத் தொடங்கினார். 1875இல் பிறந்த அந்த அணி இன்றுவரை கவுண்டி சாம்பியன்ஷிப்பை ஜெயித்ததில்லை. 2010இல் மூன்று போட்டிகள். மூன்றிலும் இரண்டாம் இடம். சாம்பியன்ஷிப்பில் நாட்டிங்ஹாம்ஷயருடன் புள்ளிகள் சமம், ஆனால் அவர்களுக்கு வெற்றிகள் அதிகம். இருபது ஓவர் இறுதியில் ஹாம்ப்ஷயருடன் ரன்கள் சமம், ஆனால் அவர்கள் இழந்த விக்கெட் குறைவு. தோற்பதற்கு இத்தனை நுணுக்கமான வழிகள் இருப்பதே சாமர்செட் கண்டுபிடித்துச் சொல்லித்தான் உலகத்துக்குத் தெரிந்தது.

அங்கே அருளின் வேலை மார்கஸ் டிரஸ்கோதிக்குடன் ஆட்டத்தைத் தொடங்குவது. கூட்டம் பார்ப்பது டிரஸ்கோதிக்கை. மறுமுனையில் நிற்கவும் ஒருவர் வேண்டுமே. எப்போதாவது கூப்பிட்டால் இடது கையால் மெதுவாகச் சுழற்பந்தும் வீசுவார்.

2011 ஜூலை 5 அன்று கார்டிஃபில் கூப்பிட்டார்கள். 22 பந்து வீசினார். ஆறு விக்கெட், கொடுத்தது ஐந்தே ரன். கிளாமோர்கன் 98இல் சுருண்டது. இருபது ஓவர் கிரிக்கெட்டில் அன்றைக்கு அதுதான் உலக சாதனை. அதற்கு முந்தைய சாதனை, 2008இல் சோஹைல் தன்வீர் 14 ரன்னுக்கு ஆறு விக்கெட் எடுத்தது. அவர் அதை எடுத்தது வேறு யாரிடமும் இல்லை, சென்னை சூப்பர் கிங்ஸிடம்! சென்னையின் அவமானத்தைச் சாதனைப் பட்டியலின் உச்சியிலிருந்து இறக்க, கோலாலம்பூர்த் தமிழர் ஒருவர் வேல்ஸ் வரை போக வேண்டியிருந்தது. சேப்பாக்கத்தில் இதற்கு ஒரு சிலை இல்லை. ஒரு நன்றிக் கடிதம்கூடப் போனதாகத் தெரியவில்லை.

பத்து நாள் கழித்து, உலகக் கோப்பையைத் தூக்கி நான்கு மாதம்கூட ஆகாத இந்திய அணி டான்டனுக்கு வந்தது. இங்கிலாந்து கேப்டன் ஆண்ட்ரூ ஸ்ட்ராஸ் பயிற்சிக்காகச் சாமர்செட்டில் விருந்தாளியாக இறங்கினார். அருள் 156 அடித்தார். மறுநாள் எல்லோரும் பேசியது ஸ்ட்ராஸின் ஃபார்ம் பற்றி.

2013இல் முழங்கால் மக்கர் செய்ய, முப்பது வயது முடிவதற்குள் ஓய்வு பெற்றார். பதினொரு வருட உழைப்பில் உலகம் நினைவில் வைத்தது 22 பந்தை. அதையும் 2019இல் லெஸ்டர்ஷயரின் காலின் அக்கர்மன் 18 ரன்னுக்கு ஏழு விக்கெட் எடுத்துப் பறித்துக்கொண்டார்.

கணக்குப் படித்தவர் விட்டுப்போன பாக்கி ஆயிற்றே, தானாகவே வசூலானது. 2023 ஜூலையில் மலேசிய அணி சொந்த மண்ணிலேயே சீனாவை 23 ரன்னில் சுருட்டியபோது, சியாஸ்ருல் இட்ருஸ் 8 ரன்னுக்கு ஏழு விக்கெட் எடுத்தார். ஏழு பேருமே ஸ்டம்ப் பறந்து போனவர்கள். ஆறு விக்கெட்டாகப் போன சாதனை, நாலே வருடத்தில் ஒரு விக்கெட் வட்டியோடு மலேசியாவுக்குத் திரும்பியது. தோட்டத்து வட்டிக்காரர்கள்கூட இவ்வளவு நேர்த்தியாக வசூலித்ததில்லை.