எல்லெல்லாரு போடறதுக்கு முந்தி ஒரு பழமை

வா கண்ணு, திண்ணையில உக்காரு. வண்டி எடுத்துட்டயாமா? ஊரே பேசுது. ஷோரூம்ல ஆளு ஒசரத்துக்கு அட்டையில சாவி செஞ்சு கையில குடுத்தாங்களாமே. மாலை போட்டு, பூசணிக்கா ஒடச்சு, சக்கரத்துக்கு ஒண்ணா ரெண்டு எலுமிச்சம்பழத்தை நசுக்கிப் போட்டோப் புடிச்சு ஊரு பூரா அனுப்பிச்சாச்சு. நல்லாருக்குது. என்ற கலியாணமே அத்தனை பவுசா நடக்கல.

செரி, லைசென்சு?

"எல்லெல்லாரு போடோணும் அப்பாரு, ஆளு சொல்லி வெச்சிருக்கறேன்"ங்கற. லட்ச ரூவா வண்டிக்கு வாரக்கணக்குல கலரு பாத்த. கம்பெனிக்காரன் சொன்னதை நம்பாம நாலு பேரு பேசற வீடியோவைப் பாத்த. எல்லாம் நீயே பண்ணுன. 150 ரூவா பழகுநர் சீட்டுக்கு மட்டும் எதுக்குச் சாமி ஆளு? ஒரு வகை வண்டிக்கு 150, பரீச்சைக்கு 50. காருக்கும் சேத்துக் கேட்டா இன்னொரு 150. மேக்கொண்டு ஏதோ சில்லறை. நீ சொல்லி வெச்ச ஆளு எத்தனை கேட்டான்? சொல்லாத, எனக்கு நெஞ்சு வலிக்கும்.

அது என்ன கம்பசூத்திரமா? வயசுக்கு ஒரு காயிதம், ஊட்டு அட்ரசுக்கு ஒரு காயிதம், உன்ற மூஞ்சி, உன்ற கையெழுத்து. ஆதாரு இருந்தாப் போனுலயே முடியும். போனு வராட்டி இ-சேவை மையத்துக்குப் போனா அங்க இருக்கற புள்ள தட்டிக் குடுத்துரும். படிப்புக்கூட கேக்கறதில்ல. லாரி, டெம்போ ஓட்டறவன் எட்டாங்கிளாசு பாசாயிருக்கோணும்னு ஒரு விதி இருந்துச்சு. 2019-ல அதையும் எடுத்துப்போட்டாங்க. எட்டாவது படிக்காதவன் ரோட்டைப் படிச்சிருந்தாப் போதும்னு சர்க்காருக்கே ரோசனை வந்துருச்சு பாத்துக்க.

லைசென்சுங்கறதை நீங்கதான் புதுசாக் கண்டுபுடிச்ச கணக்காப் பேசறீங்க. அந்தக் காலத்துல சைக்கிளுக்கே வருசா வருசம் பஞ்சாயத்துல காசு கட்டி வில்லை வாங்கி மாட்டோணும். ராத்திரி வெளக்கில்லாமப் போனா போலீசுக்காரன் காத்தைப் புடுங்கி வுட்டுப்போட்டு, தள்ளிக்கிட்டே ஊட்டுக்குப் போடான்னு தாட்டி வுடுவான். டபுள்ஸ் போனா அதுக்கும் புடிப்பான். அரிக்கேனு வெளக்கைக் கட்டாம வண்டி பூட்டுனவன் ரோட்டுல முழிச்சுக்கிட்டு நின்னதும் உண்டு. ரெண்டு சக்கரத்தை உருட்டறதுக்கே அத்தனை கட்டுத்திட்டம் இருந்துச்சு கண்ணு. நீ என்னடான்னா தூக்குனாத் தொண்ணூறுல போற எஞ்சினை வெச்சுக்கிட்டு லைசென்சுக்கு ஆளு தேடற.

இப்ப வயசு. 18. மோட்டாரு வாகனச் சட்டம் 1988-ல எழுதியிருக்குது. பஸ்சு, லாரின்னா 20. பதினெட்டுக்கும் மேல போறதுக்கு வரம்பு கெடையாது. நானே நாளைக்கு எழுதிப் போடலாம், டாக்டரு ஒருத்தன் செரின்னு சீட்டு குடுக்கோணும், அவ்வளவுதான். சிரிக்காத.

"பதினாறுலயே ஓட்டலாமில்ல அப்பாரு, கியரில்லாத ஸ்கூட்டி?" உன்ற தம்பிக்காகக் கேக்கற, தெரியுது. ஊருக்குள்ளார இந்தப் பொய்யை ஆரு அவுத்து வுட்டதுன்னு எனக்கும் வெளங்கல. கியரா பேச்சு? சிசிதான் பேச்சு. 50 சிசிக்கு மேல போவாத வண்டின்னா, பெத்தவங்க சம்மதத்தோட 16 வயசுல ஓட்டலாம்னு சட்டம் சொல்லுது. நெசந்தான். ஆனா அந்த வண்டி எங்க இருக்குது? 1980-ல ஓசூர்ல இருந்து டிவிஎஸ் 50 வந்துச்சு. ரெண்டு பக்கமும் பால் கேனு, முன்னால பருத்திக்கொட்டை மூட்டை, பொறத்தால ஊட்டுக்காரி, அவ மடியில ஒரு கொழந்த. மேட்டுல மட்டும் பெடலை மிதிக்கோணும். அந்த வம்சத்துல இன்னைக்கு ஓடறது 100 சிசி. நீங்க சொல்ற ஸ்கூட்டியெல்லாம் அதுக்கும் மேல. சட்டத்துல இருக்கற வண்டி கடையில இல்ல, கடையில இருக்கற வண்டி சட்டத்துல இல்ல. இந்தச் சந்துலதான் பத்தாங்கிளாசுப் பசங்க அத்தனை பேரும் வண்டியோட பூந்து போயிட்டு இருக்கறாங்க.

கரண்டு வண்டியில பொடிசு ஒண்ணு இருக்குது. 25 கிலோமீட்டரு வேகத்துக்கு மேல ஓடாது, மோட்டாரும் கால் கிலோவாட்டுக்குள்ளதான். அதுக்கு லைசென்சே வேண்டாம். வாங்கித் தரட்டுமா தம்பிக்கு? மாட்டான். அது சத்தம் போடாது. சத்தம் போடலீன்னா பொண்ணுக திரும்பிப் பாக்காதாம். திரும்பிப் பாக்கறது அத்தனையும் திட்டறதுக்குன்னு அவனுக்கு ஆரு சொல்றது?

உங்கப்பனுக்கும் ஒரு வார்த்தை. பொடியன் வண்டி ஓட்டித் தப்புத்தண்டா ஆச்சுன்னா, 2019-ல மாத்துன சட்டப்படி பெத்தவனுக்கோ வண்டிக்காரனுக்கோ 3 வருசம் வரைக்கும் செயிலு, 25,000 ரூவா தண்டம், வண்டி ஆர்.சி. ஒரு வருசத்துக்கு ரத்து. பையனுக்கு 25 வயசு வரைக்கும் லைசென்சு கெடையாது. இருபத்தஞ்சு! பொண்ணு பாக்கப் போறதுக்கு அவனை டவுன் பஸ்சுலதான் கூட்டிக்கிட்டுப் போவோணும். பொண்ணூட்டுக்காரங்க "மாப்ள வண்டி ஓட்டுவாரா?"ன்னு கேட்டா, "ஓட்டுனாருங்க, அதனாலதான் ஓட்டறதில்ல"ன்னு சொல்லுவயா?

அடுத்தது ஒரு பாரம். ஒடம்பு நல்லாருக்குதுன்னு நீயே எழுதிக் குடுக்கறது. இதைத்தான் ஒருத்தனும் படிக்கறதில்ல. எனக்கு அதுல நெம்பப் பிரியம். பாட்டன் பேரனை உக்கார வெச்சுக் கேக்கற கேள்வி அத்தனையும் அதுல இருக்குது. வலிப்பு, மயக்கம், தலைசுத்தல் வருமா? நல்ல வெளிச்சத்துல, 25 மீட்டரு தள்ளி நிக்கற காரு நம்பரு, ஒவ்வொரு கண்ணுலயும் தனித்தனியாத் தெரியுதா? கண்ணாடி போடறவன் போட்டுக்கலாம். மாலைக்கண்ணு உண்டா? ஆரன் சத்தம் காதுல உழுவாத அளவுக்குச் செவிடா?

நம்ம பசங்க என்ன பண்றாங்க? மேல இருந்து கீழ வரைக்கும் கடகடன்னு "இல்லை"ன்னு அமுக்கறாங்க. காரு நம்பரு தெரியுதான்னதுக்கும் இல்லை! படிக்காமக் கையெழுத்துப் போட்டு நெலத்தை எழுதிக் குடுத்தவன் பேரன்தானே, வேற எப்பிடி இருப்பான்?

அந்தா, புளியமரத்துக்கிட்ட மில்லு வேனு நிக்குது பாரு. ஒரு கண்ணைப் பொத்திக்கிட்டு நம்பரைப் படி. அட, போனை எடுக்காத! பெருசு பண்ணிப் பாக்கறதுக்கா சொன்னேன்? ரோட்டுல எதுக்க லாரி வந்தாலும் ரெண்டு வெரலை வெச்சு இழுத்துத்தான் பாப்பயா? காது கேக்குதான்னு சர்க்காரு கேக்குது. கேக்கற காதுல ரெண்டு மொட்டை மாட்டி அடச்சு வெச்சிருக்கற. இதுக்குப் பதிலை எந்தக் கட்டத்துல எழுதுவ?

பரீச்சைக்கு வருவோம். ஊட்டுல உக்காந்தே கம்ப்யூட்டர்ல எழுதலாம்னு ஆக்கிப்போட்டாங்க. கேமரா உன்ற மூஞ்சியையே பாத்துக்கிட்டு இருக்குமாம். அப்பிடியும் கதவுக்குப் பொறத்தால நின்னு பதிலு சொல்லிக் குடுக்கற மாமனுக நாட்டுல உண்டுன்னு கேள்வி. நூத்துக்கு 60 எடுத்தாப் பாசு. வட்டத்துல போட்டது உத்தரவு, முக்கோணத்துல போட்டது எச்சரிக்கை, நீலக் கட்டத்துல போட்டது தகவலு. எட்டு மூலைச் செகப்புன்னா நிக்கோணும். நம்ம ஊருல எட்டு மூலையைப் பாத்தா, பின்னால வர்றவன் ஆரனை அடிச்சு நிக்காதங்கறான். அவனும் இதே பரீச்சையில பாசானவந்தான்.

கேள்வியில எனக்குப் புடிச்சது ரெண்டு. மலை ரோட்டுல, எடம் கம்மியா இருந்தா, ஏறுற வண்டிக்குத்தான் எறங்கற வண்டி வழி வுடோணும். இதுல மூளைக்கு என்ன வேலை? பாரத்தோட மேட்டுல நின்னுபோன வண்டியைக் கெளப்பிப் பாத்தவனுக்குத் தெரியும். வால்பாறைக்கு ஆழியாத்துல இருந்து 40 கொண்டை ஊசி வளைவு. எதுக்க எஸ்டேட்டு பஸ்சு மூச்சு வாங்கிக்கிட்டு ஏறுது, நம்ம பையன் நடுரோட்டுல சாஞ்சு எறங்கறான், தலையில கேமராவை வேற கட்டிக்கிட்டு. ஆருக்கு வழின்னு கேட்டா "வ்யூ வரும் அப்பாரு"ங்கறான்.

இன்னொண்ணு, ஆளில்லாத ரயில்வே கேட்டு. வண்டியை நிறுத்தோணும். கூட வந்த ஆளு எறங்கி முன்னால நடந்து போயி, ரயிலு வருதான்னு ரெண்டு பக்கமும் பாத்துச் சொன்ன பொறவுதான் வண்டி தாண்டோணும். ஆளில்லீன்னா ஓட்டறவனே எறங்கிப் போயிப் பாக்கோணும். சட்டத்துல 131-ஆவது பிரிவு, வேணும்னாப் பாத்துக்க. இப்ப அகலப் பாதையில அந்த மாதிரி கேட்டு ஒண்ணுமில்ல, 2019 தொடக்கத்துக்குள்ள எல்லாத்தையும் எடுத்தாச்சு. கேட்டு போயிருச்சு, கேள்வி போகல. போகவும் வேண்டாம்ங்கறேன். நின்னு, எறங்கி, பாத்துப் போ. உங்க காலேசு வாசல்ல இதைப் பண்ணுனா எத்தனையோ கையி காலு மிச்சம்.

ஆக்சிடெண்டு ஆனா என்ன பண்ணோணும்னும் கேக்கறாங்க. அடிபட்டவனை ஆசுபத்திரிக்குச் சேக்கோணும், போலீசுக்குச் சொல்லோணும். வீடியோ எடுக்கோணும்னு எந்தப் பிரிவுலயும் இல்ல. வழியில போறவன் ஒதவி பண்ணுனா அவனைக் கேசுல இழுக்கக் கூடாதுன்னு 2019-ல தனியா ஒரு பிரிவே போட்டுட்டாங்க. இன்னும் எதுக்குப் பயந்துக்கிட்டு சன்னல் வழியாப் பாக்கற?

பாசாயிட்டயா? ஆறு மாசத்துக்கு ஒரு சீட்டு வந்துருச்சு. கேக்கு வெட்டியாச்சு. அதுக்கெல்லாமா கேக்கு? கருமம், வெட்டிக்க. இனிமேத்தான் சோலியே இருக்குது. முப்பது நாளு கழிச்சு, சீட்டு காலாவதி ஆவறதுக்குள்ளார, எட்டுப் போட்டுக் காட்டி நெசமான லைசென்சு வாங்கோணும். அதுவரைக்கும் வண்டிக்கு முன்னாலயும் பின்னாலயும் வெள்ளைப் பலகையில செகப்புல எல்லு எழுதோணும். பலகை 18 சென்டிமீட்டருச் சதுரம், எழுத்து 10 சென்டிமீட்டரு ஒசரம், 2 சென்டிமீட்டரு கனம். அளவெல்லாம் சொல்லித்தான் வெச்சிருக்கறாங்க. நீ வெரல் நகத்தளவுல கறுப்பு ஸ்டிக்கரு ஒட்டியிருக்கற, பக்கத்துல ஒரு இதயம் வேற. எறும்புக்கா எச்சரிக்கை? அப்பறம் ஒரு கூட்டம் இருக்குது, எல்லைக் கழட்டவே மாட்டான். கலியாணம் ஆகி, கொழந்தை பள்ளிக்கொடம் போயிருக்கும், காருல எல்லு தொங்கும். இடிச்சா ஆரும் திட்ட மாட்டாங்கன்னு ஒரு நம்பிக்கை.

அதை வுடு, தள்ளு. பெரிய சங்கதி வேற. கத்துக்கறவன் பக்கத்துல லைசென்சு வெச்சிருக்கற ஆளு ஒருத்தன் உக்காரோணும், வண்டியை நிறுத்தறதுக்குத் தோதா. பைக்குலன்னா, கத்துக் குடுக்கறவனைத் தவிர வேற ஒருத்தனையும் பொறத்தால ஏத்தக் கூடாது. நாங்க புதுக் காளைக்கன்னைப் பழக்கறப்பப் பழகுன மாட்டோட சோடி போட்டுத்தான் பூட்டுவோம், ரெண்டு புதுசை ஒண்ணாப் பூட்டுனா வண்டி இட்டேரி வேலிக்குள்ளாரதான் போயி நிக்கும். நீங்க மூணு புதுசு ஒரே வண்டியில ஏறிக்கிட்டு, அதுல நடுவுல இருக்கறவன் போனுல ரீல்சு ஓட்டறான்.

என்னை எதுக்கு அப்பிடிப் பாக்கற? நான் கூட வர முடியாது சாமி. எனக்கேது லைசென்சு? மாட்டு வண்டிக்குக் குடுத்திருந்தா வெச்சிருப்பேன். உங்கப்பனோடது காலாவதி ஆயி எத்தனையோ நாளாச்சு, கேட்டா "புதுப்பிக்கோணும், ஆளு சொல்லியிருக்கறேன்"ங்கறான். இந்த ஊட்டுல செல்லுபடியாவற லைசென்சு இருக்கறது உன்ற அத்தைகிட்ட மட்டுந்தான். ஆமா, நீ "லேடி டிரைவர்"னு ஸ்டேட்டசு போட்டுக் கிண்டல் அடிச்சயே, அவதான். பைக்கும் ஓட்டுவா, பால் டெம்போவும் ஓட்டுவா. இத்தனை வருசத்துல ஒரு கோழியைக்கூட அடிச்சதில்ல. நான் கேட்டுப்போட்டேன், செரின்னுட்டா. வெடியால சொசைட்டிக்குப் பால் ஊத்தப் போறதுக்கு முந்தி, மில்லு ரோட்டுல சித்த நேரம் பொறத்தால உக்காந்து சொல்லிக் குடுப்பாளாம். காதுல மொட்டு இருக்கக் கூடாது, ஹெல்மெட்டு கையில மாட்டக் கூடாது, தலையில மாட்டோணுமாம். நாலரைக்கு எந்திரி. அந்த ஸ்டேட்டசை மட்டும் இப்பவே அழிச்சுப்போடு, அவ பாத்துட்டாளான்னு எனக்குத் தெரியாது.