கத்தலும் கம்பெனியும்

அமெரிக்க டி.வி.யில் ரிக் சான்டெல்லி என்ற வர்ணனையாளர் ஒருநாள் கத்தினார், 'டீ பார்ட்டி' என்று ஓர் இயக்கமே பிறந்தது. நம் சேனல்களில் தினமும் கத்துகிறார்கள், ஒன்றும் பிறக்கவில்லையே?

இங்கேதான் கத்தி முடிப்பதற்குள் விளம்பரம் பிறந்துவிடுகிறதே!

2009 பிப்ரவரி 19 அன்று சிகாகோ சந்தையில் நின்று, அடுத்தவர் வீட்டுக்கடனை நம் வரிப்பணத்தில் கட்டுவதா என்று பொரிந்தார் மனிதர். சுற்றியிருந்த வர்த்தகர்கள் ஆரவாரித்தார்கள். வங்கிகளைக் காப்பாற்ற 70,000 கோடி டாலருக்கு முந்தைய அக்டோபரிலேயே சட்டம் போட்டாகிவிட்டது என்பது வேறு கதை.

அவர் சொன்ன 'டீ பார்ட்டி' பெயர் மட்டும் கச்சிதம். அந்தப் பெயருக்கு மூலமான, 1773-ல் பாஸ்டன் துறைமுகத்தில் எதிர்ப்பாளர்கள் கொட்டிய தேயிலையும், கடனில் தத்தளித்த ஒரு கம்பெனியைக் கரையேற்ற லண்டன் போட்ட சட்டத்தால் வந்ததுதான். எந்தக் கம்பெனியா? சென்னையில் ஜார்ஜ் கோட்டை கட்டிய அதே கிழக்கிந்தியக் கம்பெனி!