கொம்பிரசர் மகாராசர் மெய்க்கீர்த்தி

கொழும்பு கிராண்ட்பாஸ் ஒழுங்கையொன்றின் பத்தடி ஒலிப்பதிவு அறையில், முட்டை அட்டை ஒட்டிய சுவர்களுக்கு நடுவே, கணினித் திரையாகிய சிம்மாசனத்தில் வீற்றிருந்து, ஒலியின் ஏற்ற இறக்கத்தை அமுக்கிச் சமன்செய்யும் டிஜிட்டல் கொம்பிரசர் மகாராசரே! கறை அணுகாத தூயவரே! தேவரீர் பெருமையைப் பாட ஆயிரம் நா வேண்டும். அடியேனுக்கு வாய்த்தது ஒன்றே.

பழந்தமிழ் மன்னர் ஆறில் ஒரு பங்கு இறையோடு நின்றுவிட்டார்கள். தேவரீரோ ரேஷியோ எனும் அமுக்க விகிதத்தை 4:1 என வைத்தால், த்ரெஷோல்ட் எனும் எல்லையைத் தாண்டும் ஒவ்வொரு 4 டெசிபலிலும் 3-ஐத் திறை கொள்கிறீர். 20:1 என்றால் 20-இல் 19-ம் கருவூலத்துக்கே. லுக்-அஹெட் எனும் ஞானக்கண்ணோ சில மில்லிசெக்கன் முன்னரே பார்த்து, தவிலடி எழும்போதே தலையைச் சீவிவிடுகிறது. குற்றத்தை முந்திச் செல்லும் இந்த நீதி, கன்றுக்காகத் தேரேறிய சோழனுக்கும் வாய்க்கவில்லை.

அன்றொரு தங்கை பல்லவியை முணுமுணுத்துத் தொடங்கி, சரணத்தில் நெஞ்சைத் திறந்து பாடினாள். உயர்வு தாழ்வு தேவரீருக்குப் பொறுக்குமா? முணுமுணுப்பும் கதறலும் தோளோடு தோள் நின்றன. அமுக்கியபின் மொத்த ஒலியையும் ஏற்றும் மேக்கப் கெயினால் எளியோரையும் கைதூக்கிவிட்டீர்: அவள் மூச்செடுத்த இடைவெளியில் மின்விசிறி முழங்கியது, ஒழுங்கையில் போன த்ரீவீலரின் ஹோர்ன் பின்பாட்டுப் பாடியது. ஏழை பங்காளரே!

1950களில் பிறந்த ஃபெயார்சைல்ட் 670 எனும் வால்வு கொம்பிரசர் ஓர் அப்பாவி. 20 வால்வுகளும் ஏறத்தாழ 29 கிலோ எடையும் சுமந்து, அமுக்கிய இடத்திலெல்லாம் தன் சாயத்தை விட்டுவிட்டு அகப்பட்டுக்கொள்ளும். தேவரீர் கைரேகை விடாத உத்தமர். நசுங்கியது தெரியும், நசுக்கியவர் தெரியார்.

சீடி, மெல்லொலிக்கும் பேரொலிக்கும் நடுவே 96 டெசிபல் உயர மாளிகை கட்டித் தந்தது. வீண் ஆடம்பரம்! எங்கள் பாட்டுகளை அதன் கூரையை ஒட்டிய பரணில் குடியமர்த்தினீர். அப்படி உரக்கச் செய்ததை ஸ்பொட்டிஃபை மைனஸ் 14 எல்.யூ.எஃப்.எஸ். எனும் உரப்பளவுக்கு இறக்கிவைக்கிறது. பலன் கருதாது கடமை செய்யும் கர்மயோகி தேவரீரன்றி வேறு யார்?

ஒரேயொரு விண்ணப்பம். ஆடிவேல் திருவிழா நாளில் செட்டியார் தெருவில் அதிரும் தவில் இன்னும் தேவரீர் குடைக்கீழ் வரவில்லை. மெல்லத் தொடங்கி, படிப்படியாக ஏறி, சனத்தை மெய்சிலிர்க்க வைக்கும் அநாகரிகம் அங்கே ஆண்டுதோறும் தொடர்கிறது. அதன்மீதும் கடைக்கண் வைத்து, திருவிழா முழுதும் மின்விசிறி போல ஒரே சீராய் இரைந்திட அருள்வீராக!