நனையாமல் கடல் பிடித்தவர்

கடலுக்கடியில் படமெடுத்தவர்களின் வம்சாவளியை எழுதுகிறவர்கள் ஜாக் கூஸ்தோவில்தான் பிள்ளையார் சுழி போடுவார்கள். அவருடைய சிவப்புக் குல்லாய் அப்படி மனதில் ஒட்டிக்கொள்கிறது. ஆனால் கூஸ்தோ பால் மணம் மாறாத பிள்ளையாக இருந்த 1914இலேயே, பஹாமாஸ் கடலுக்குள் ஒருவர் சட்டை கசங்காமல் உட்கார்ந்து சினிமா பிடித்துக்கொண்டிருந்தார். பெயர் ஜான் எர்னஸ்ட் வில்லியம்சன். அமெரிக்காவின் நார்ஃபோக் நகரத்துப் பத்திரிகைக்காரர்.

அவருடைய அப்பா கப்பல் கேப்டன். மூழ்கிய கப்பல்களை மீட்பதற்காக, இரும்பு வளையங்களை இணைத்து, நீளவும் சுருங்கவும் கூடிய குழாய் ஒன்றைச் செய்துவைத்திருந்தார். படகிலிருந்து அதை இறக்கினால் ஆள் உள்ளேயே இறங்கிப் போகலாம். மேல்வாய் திறந்திருப்பதால் மூச்சுக்குப் பஞ்சமில்லை. அப்பன் சொத்தில் பிள்ளை கண் வைக்காமல் இருப்பானா? மகன் அதன் அடியில் இரும்பு அறை ஒன்றை மாட்டி, கனத்த கண்ணாடி ஜன்னல் வைத்து, 'ஃபோட்டோஸ்ஃபியர்' என்று நாமகரணமும் செய்துவிட்டார்.

படத்துக்குப் பணம் போட்டவர்களுக்குப் பவளப்பாறையும் வண்ணமீனும் போதவில்லை. சுறா வேண்டும் என்றார்கள். சும்மா நீந்துகிற சுறா அல்ல, மனிதனோடு மல்லுக்கட்டும் சுறா. வில்லியம்சன் செத்த குதிரை ஒன்றைக் கடலில் தொங்கவிட்டார். சுறாக்கள் பந்திக்கு வந்தன. கூலிக்கு முக்குளித்தவர் கேமராவுக்குத் தோதாகச் சண்டை போடவில்லை. கடைசியில் வில்லியம்சனே கத்தியோடு குதித்துச் சுறாவைக் குத்தினார். நனையாமல் படமெடுக்க இத்தனை இரும்பைச் செலவழித்தவர், முதல் படத்திலேயே தொப்பலாக நனைந்தார்.

பட்டதில் பாடம் கற்றவர், அடுத்து ஜூல் வெர்னின் கடலடிக் கதையை யுனிவர்சல் நிறுவனம் 1916இல் படமாக்கியபோது ஆக்டோபஸை நம்பவில்லை. ரப்பரில் ஒன்று செய்து, உள்ளே ஓர் ஆளை உட்காரவைத்து, காற்றடைத்துக் கைகளை ஆட்டினார். அதற்குக் காப்புரிமையும் வாங்கிக்கொண்டார். நிஜ ஆக்டோபஸ் வழக்குப் போடாது என்ற தைரியம்தான்.

1924இல் நியூயார்க் இயற்கை வரலாற்று அருங்காட்சியகத்துக்காரர்கள் இதே குழாயின் உதவியோடு ஆண்ட்ரோஸ் தீவருகே 40 டன் பவளப்பாறையைப் பெயர்த்துக்கொண்டு போனார்கள், இயற்கையின் அருமையை மக்களுக்குக் காட்டுவதற்காக! இன்றைக்கு இதைச் செய்தால் ஜாமீன் கிடைப்பதே கஷ்டம். அன்றைக்குக் கைதட்டல் கிடைத்தது. அந்தப் பவளம் இப்போதும் அங்கே காட்சிக்கு நிற்கிறது.

பிறகு குழாய் வீடாகவும் மாறியது. 1932இல் வந்த படத்தில் மனைவியும் கைக்குழந்தையுமே நடிகர்கள்; சம்பளப் பட்டியல் மிச்சம். 1939இல் அந்த அறைக்குள் தபாலாபீசே திறந்துவிட்டார்கள். பஹாமாஸ் அரசின் முறையான தபாலாபீஸ், கடலடி என்று பொறித்த முத்திரையோடு. தபாலாபீஸ் எட்டிப் பார்க்காத ஊர்கள் தரையிலேயே ஏராளமாகக் கிடந்த காலம் அது. சிங்கி இறால்களுக்கு எந்தச் செல்வாக்கில் சாங்ஷன் ஆயிற்றோ!