ஓட்டை ஹோட்டலே உத்தமம்

ஓய்வுபெற்றவர்களை வெளிநாட்டில் குடியமர்த்தும் விளம்பரங்களுக்கெல்லாம் ஒரே படம்தான். நீச்சல்குளம், கரையில் சாய்வு நாற்காலி, அதில் வெள்ளை உடுப்பு போட்ட நரைத்த தம்பதி, இனிமேல் செய்வதற்கு ஒன்றுமே இல்லை என்ற பூரிப்பு இருவர் முகத்திலும். என் கட்சி வேறு. எல்லாம் ஒழுங்காக நடக்கிற ஹோட்டலில் கிழவர்கள் கிழவர்களாகவே இருப்பார்கள். தொலைபேசி செத்துப்போய், கணக்குப் புத்தகம் குப்பையாகக் கிடந்து, முதலாளி வாயாலேயே கட்டடத்தைத் தாங்கிப் பிடித்துக்கொண்டிருக்கிற ஹோட்டலில்தான் அவர்களுக்கு மறுவாழ்வு. இதற்கு நான் கூண்டிலேற்றும் முதல் சாட்சி, 2012இல் திரையரங்குகளுக்கு வந்த 'தி பெஸ்ட் எக்ஸாட்டிக் மேரிகோல்ட் ஹோட்டல்' என்ற ஆங்கிலப் படம். டெபரா மொகாக் 2004இல் எழுதிய மூல நாவலில் கதை நடப்பது பெங்களூரில். பென்ஷன்காரர்களின் சொர்க்கம் என்று பெயரெடுத்த ஊர், பொருத்தமான தேர்வு. படமெடுத்தவர்கள் ஜெய்ப்பூருக்கு மாற்றிவிட்டார்கள். பெங்களூர் டிராஃபிக்கில் மாட்டினால் பாத்திரங்களின் மிச்ச ஆயுள் சிக்னலிலேயே கழிந்துவிடும் என்று பயந்தார்களோ என்னவோ.

படத்தில் இங்கிலாந்து முதியவர்கள் ஏழு பேர் ஹோட்டல் விளம்பரத்தை நம்பி ஜெய்ப்பூர் வருகிறார்கள். வந்து பார்த்தால் அரண்மனை என்று அச்சிட்டது பாழடைந்த மாளிகை. கேட்டால், சானி என்கிற அந்த இளம் முதலாளி, விளம்பரத்தில் இருப்பது எதிர்கால ஹோட்டல் என்கிற தினுசில் பதில் சொல்கிறான். நம்மூர் ரியல் எஸ்டேட்காரர்கள் எழுந்து நின்று கைதட்ட வேண்டிய இடம். இந்த இடத்தில் ஹோட்டல் மட்டும் உருப்படியாக இருந்திருந்தால் என்ன ஆகியிருக்கும்? கணவர் வைத்துவிட்டுப்போன கடனை அடைக்க வீட்டை விற்றுவிட்டு வந்த ஈவ்லின் அம்மாள், காலையில் காபி, மாலையில் தேநீர் என்று உட்கார்ந்திருப்பார். இங்கே நிம்மதியாக உட்கார வழியில்லாததால் வெளியே போகிறார். ஒரு கால் சென்டரில் வேலை தேடிக்கொள்கிறார். இங்கிலாந்துக் கிழவிகளிடம் போனில் எப்படிப் பேச வேண்டும் என்று இந்தியப் பிள்ளைகளுக்குச் சொல்லிக்கொடுக்கிற வேலை. அந்தப் பதவிக்கு அவரைவிடத் தகுதியான ஆள் யார்? கிழவியாக இருப்பதே ஒரு தொழில்தகுதியானது உலக சினிமாவில் அதுவே முதல் தடவையாக இருக்கலாம்.

மியூரியல் அம்மாள் கதை இன்னும் கெட்டியான சாட்சியம். இடுப்பு மூட்டு மாற்ற இங்கிலாந்தில் மாதக்கணக்கில் காத்திருக்க வேண்டுமே என்பதற்காக மட்டும் வந்தவர். இந்தியர்களையும் பிடிக்காது, இந்தியச் சாப்பாட்டையும் தொடமாட்டார். காலமெல்லாம் அடுத்தவர் வீட்டை நிர்வகித்து, கடைசியில் தானே பழக்கிவிட்ட பெண்ணிடம் வேலையைப் பறிகொடுத்தவர். அந்த அம்மாள் சக்கர நாற்காலியில் இருந்தபடி ஹோட்டல் கணக்கைப் புரட்டுகிறார். இது பிழைக்கும் என்று கண்டுபிடிக்கிறார். முடிவில் நிர்வாகத்திலேயே உட்கார்ந்துவிடுகிறார். ஆடிட் செய்யப்பட்ட, வரவு செலவு நேராக இருக்கிற ஹோட்டலாக இருந்திருந்தால் புது இடுப்போடு லண்டன் போய்ச் சேர்ந்து பழைய மூஞ்சியோடு உட்கார்ந்திருப்பார்.

"அப்படியானால் அந்த ஏழு பேரில் கணவரோடு வந்த ஜீன் ஏன் தேறவில்லை?" என்று படம் பார்த்தவர்கள் மடக்கலாம். நியாயம். அதே ஓட்டை ஹோட்டலில்தான் அவரும் இருந்தார். குறை சொல்வதில் எல்லோரையும் மிஞ்சினார். ஆனாலும் கணவரை விட்டுவிட்டு விமானம் ஏறினார். கவனித்தால், மியூரியலும் குறை சொன்னவர்தான், கூடவே கணக்குப் புத்தகத்தையும் திறந்தார். ஜீன் குறையோடு நிறுத்திக்கொண்டு புத்தகமும் கையுமாக உள்ளேயே இருந்தார். ஓட்டை இருந்தால் மட்டும் போதாது, அதற்குள் கையை விட்டுப் பார்க்கிற ஆளும் வேண்டும்.

இதைவிடக் கனமான ஆட்சேபம் நாவலாசிரியர் விளாதிமிர் நபக்கோவ். கார்னெல் பல்கலைக்கழகத்தில் பேராசிரியர் வேலையை 1959இல் விட்டார். 'லோலிடா' நாவல் சம்பாதித்துக் கொடுத்த பணத்தோடு 1961இல் சுவிட்சர்லாந்தின் மோன்த்ரோ பேலஸ் ஹோட்டலில் குடியேறி, 1977இல் சாகும்வரை அதையே வீடாக வைத்துக்கொண்டார். சுவிஸ் ஹோட்டலில் ஓட்டையை எங்கே தேடுவது? அங்கிருந்துகொண்டே 'அடா' என்ற பெரிய நாவலை எழுதினார். வலையைத் தூக்கிக்கொண்டு மலையில் வண்ணத்துப்பூச்சி பிடித்தார். என் கட்சி இங்கே கொஞ்சம் ஆட்டம் காண்கிறது, ஆனால் விழவில்லை. முடியாத நாவலைக் கையில் வைத்திருப்பவன் தன் ஓட்டையைத் தானே பெட்டியில் எடுத்துவருகிறான். அப்படி எதுவும் கொண்டுவராதவர்களுக்கு ஹோட்டல்தான் ஏற்பாடு செய்து தர வேண்டும்.

மூன்றாவது ஆட்சேபத்துக்கு என்னிடம் முழுப் பதில் கிடையாது. பவுண்டு கொழுத்திருப்பதாலும் இங்கே கூலி மலிவாக இருப்பதாலும்தானே வெள்ளைக்காரர்களுக்கு இந்த மறுபிறவி என்பார்கள். ஆமாம், அதுதான் காரணம். படமே சுமார் 1 கோடி டாலரில் எடுக்கப்பட்டு 13 கோடி டாலருக்கு மேல் வசூலித்தது. மலிவின் மகிமை வேறெப்படித் தெரியும்? ஆனாலும் அந்த ஓட்டை ஹோட்டலில் பிழைத்துக்கொண்டவர்களைப் பார்த்தால், பணிவிடை வாங்கினவர்களைவிட வேலை செய்யக் கிளம்பினவர்கள்தான் முன்னால் நிற்கிறார்கள்.

நிஜ வாழ்க்கையில் ஓட்டை ஹோட்டல் கிடைக்காவிட்டாலும் கவலையில்லை, பிரிட்டிஷ் அரசாங்கம் கைகொடுக்கிறது. உள்நாட்டில் ஆண்டுதோறும் உயரும் அரசு ஓய்வூதியம், அமெரிக்காவுக்கோ ஃபிலிப்பீன்ஸுக்கோ குடிபோனாலும் உயரும். இந்தியாவுக்கோ கனடாவுக்கோ ஆஸ்திரேலியாவுக்கோ போனால் அன்றைய தொகையிலேயே உறைந்துவிடும். இதை எதிர்த்துப் போட்ட வழக்கு ஐரோப்பிய மனித உரிமை நீதிமன்றம் வரை போய் 2010இல் தோற்றது. வெளிநாட்டில் நிரந்தரமாகக் குடியேறினால் தாய்நாட்டு மருத்துவமனையில் இலவசச் சிகிச்சை பெறும் உரிமையும் போகும். தாய்லாந்து 50 வயது தாண்டியவர்களை, வங்கியில் 8 லட்சம் பாத் காட்டினால், ஓய்வு விசா கொடுத்து வரவேற்கிறது. இந்தியாவில் ஓய்வூதியர்களுக்கென்று அப்படியொரு விசாவே இல்லை. ஆக, ஜெய்ப்பூரில் குடியேறும் ஈவ்லின்கள் விசாவுக்கும் பென்ஷனுக்கும் மருந்துக்கும் அலைந்தே தீர வேண்டும். சும்மா உட்கார வைக்காமல் ஒரு நாடு முதியவர்களுக்கு இதைவிட என்ன செய்துவிட முடியும்?

எனவே வெளிநாட்டு ஹோட்டலில் புதுவாழ்வு தொடங்க எண்ணுகிறவர்கள் ஐந்து நட்சத்திரத்தை விட்டுத்தள்ளுங்கள். வரவேற்பறையில் மணியடித்தால் யாரும் வராத இடமாகப் பார்த்து முன்பதிவு செய்யுங்கள். கழிவறை மட்டும் ஒழுங்காக வேலை செய்யட்டும். அந்த விஷயத்தில் என் சித்தாந்தம் செல்லாது.