ஒரு மாதக் கெடுவும் 18 ஆண்டு இணைப்பும்

கேள்வி: அடிப்படை உரிமை மனுவை ஒரு மாதத்துக்குள் தாக்கல் செய்ய வேண்டும் என்று இலங்கை அரசியலமைப்பின் 126ஆம் உறுப்புரை சொல்லும்போது, 1988இல் நிகழ்ந்த வடக்கு – கிழக்கு மாகாணங்களின் இணைப்பை 2006இல் உயர் நீதிமன்றம் எப்படி விசாரித்தது?
– வாசகர், திருகோணமலை

பதில்: நங்கூரம் போட்ட நாளை மட்டும் பார்த்தால் கெடு கடந்துவிட்டது, ஆனால் கப்பல் இன்னும் துறைமுகத்திலேயே நிற்கிறதே என்று பார்ப்பதற்குச் சட்டத்தில் ‘தொடரும் மீறல்’ என்று பெயர். இணைப்பு நிலைக்க வேண்டுமா என்று கிழக்கு மக்களிடம் கேட்கும் வாக்கெடுப்பு ஆண்டுதோறும் தள்ளிவைக்கப்பட்டதால், சமத்துவத்தைக் காக்கும் 12(1)ஆம் உறுப்புரையின் மீறலும் ஓயவில்லை என்பதே அதன் தர்க்கம். அடுத்து, ஆயுதங்கள் கையளிக்கப்பட்டு மோதல் ஓய்ந்த பின்பே இணைக்கலாம் என்று 1987ஆம் ஆண்டின் மாகாண சபைகள் சட்டம் 37ஆம் பிரிவில் விதித்திருந்த நிபந்தனையை, ஜனாதிபதி ஜே. ஆர். ஜயவர்தன அவசரகால ஒழுங்குவிதியால், அதாவது பொதுப் பாதுகாப்புக்கென நிறைவேற்றுத்துறை ஆக்கும் விதியால், தளர்த்தியது செல்லாது என 2006 ஒக்டோபர் 16இல் பிரதம நீதியரசர் சரத் என். சில்வா தலைமையிலான அமர்வு தீர்ப்பளித்தது. அவசரகால அதிகாரத்துக்கு எல்லை வகுத்தது போற்றத்தக்கது. ஆயினும் நீதியும் ஒப்புரவுமான பரிகாரம் வழங்க அதே 126ஆம் உறுப்புரை இடமளித்திருக்க, மக்களைக் கேட்கும் வழி திறக்கப்படாதது பெருங்குறை. 2007 ஜனவரி 1இல் மாகாணங்கள் பிரிந்தன. திருகோணமலை கிழக்கின் தலைநகரானது. அந்த வாக்கெடுப்பு ஒருபோதும் நடக்கவில்லை.